பூசணிக்காயை உடைத்தது யார்?

போன வாரம் நம் பிரிக்பீல்ட்ஸ் சட்ட உதவி அலுவலகத்துக்கு வந்திருந்தேன். ஓய்வு பெற்றுவிட்டால் தேநீர் குடிக்கக்கூட வரக் கூடாதா என்ன. அன்று உங்களில் ஒருத்தி ஜீவனாம்ச உத்தரவு ஒன்றை நீதிமன்றத்திலிருந்து வாங்கிவந்தாள். "மேடம், கேஸ் முடிஞ்சிருச்சு" என்று சொல்லி, அதை நெஞ்சுக்கு நேரே பிடித்துப் படம் எடுத்துக்கொண்டாள். பிறகு கேக் வெட்டினீர்கள். கேக்கைத் தின்றுகொண்டே குறை சொல்வது அழகில்லை என்று நான் வாயை மூடிக்கொண்டிருந்தேன். வீடு போய்ச் சேரும்வரை வாய் அரித்துக்கொண்டே இருந்தது. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

கேஸ் முடியவில்லை, பெண்ணே. இப்போதுதான் கல்யாணம் முடிந்திருக்கிறது. இனிமேல்தான் குடித்தனம்.

பிள்ளைக்கு மாதாமாதம் கொடு என்று ஒரு மனுஷனுக்கு உத்தரவு போடுவது நீதிமன்றத்துக்குப் பெரிய வேலை இல்லை. போட்ட உத்தரவை அவன் மதிக்கிறானா என்று அதே நீதிமன்றத்தைத் திரும்பத் திரும்பப் பார்க்க வைப்பதுதான் நம் வேலை. எனக்கு அதை நன்றாகப் புரியவைத்தது சுமதியின் வழக்கு. அதைச் சொல்கிறேன். கேட்டுவிட்டு அடுத்த கேக்கை எப்போது வெட்டலாம் என்று நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள்.

சுமதி கம்போங் மேடானில் மலிவு விலை அடுக்குமாடி வீட்டில் இருந்தவள். சுபாங் ஜெயாவில் ஓர் அலுவலகக் கட்டடத்தில் துப்புரவு வேலை. அவளுக்கு தர்ஷினி என்று பத்து வயதில் ஒரு மகள். பிறந்ததிலிருந்தே அந்தப் பிள்ளையின் வலது பாதம் உள்பக்கமாக மடங்கிக்கொள்ளும். முழங்காலுக்குக் கீழிருந்து பாதம்வரை தாங்கிப் பிடிக்கும் பிளாஸ்டிக் பிரேஸ் ஒன்றை மாட்டித்தான் நடப்பாள். பிள்ளை வளர்ந்தால் பிரேஸையும் மாற்ற வேண்டும். இதிலே தள்ளிப்போட வழியே கிடையாது. பழைய பிரேஸ் கடித்துக் காலில் புண் வந்துவிட்டது. இந்த முறை மாற்றாவிட்டால் பாதம் பழையபடி மடங்கிவிடும், பிறகு கத்தி வைக்க வேண்டியதுதான் என்று மருத்துவமனையில் சொல்லிவிட்டார்கள்.

கணவன் குணா கொள்கலன் லோரி ஓட்டுபவன். கிள்ளானில் லோரி யார்டு வைத்திருந்த தன் சொந்த அண்ணனிடமே வேலை. இருவரும் பிரிந்தபோது கிள்ளான் நீதிமன்றத்தில் ஜீவனாம்ச உத்தரவு வாங்கிக் கொடுத்தது நான்தான். குணா சில மாதம் ஒழுங்காகக் கொடுத்தான். பிறகு நிறுத்திவிட்டான். கேட்டால் வேலை இல்லை என்றான். அண்ணனும், தம்பி போன தீபாவளிக்கு முன்பே வேலையை விட்டு நின்றுவிட்டான் என்று சொல்லிவிட்டார். சம்பளத்திலிருந்தே பிடித்துக் கொடுக்கும்படி முதலாளிக்கு உத்தரவு போடச் சொல்லலாம், சட்டத்தில் அதற்கு இடம் இருக்கிறது. ஆனால் சம்பளம் வாங்குகிறான் என்று முதலில் காட்ட வேண்டுமே. அண்ணன் முதலாளி, தம்பி தொழிலாளி, சம்பளம் கையில். எங்கே போய்ப் பிடிப்பது?

இதற்கிடையில் ஒரு நாள் சுமதி பந்திங்கில் இருக்கும் தன் அம்மா வீட்டுக்குப் போய்விட்டுத் திரும்பியிருக்கிறாள். பேருந்து நிறுத்தத்துக்குப் பக்கத்தில் அவள் வடை வாங்கிக்கொண்டிருந்தபோது ஒரு நீல லோரி கடந்து போயிருக்கிறது. சுமதி திரும்பிப் பார்ப்பதற்குள் பின்பக்கம்தான் தெரிந்தது. ஓட்டியவனைப் பார்த்தது தர்ஷினி. "அப்பா" என்று கை ஆட்டியிருக்கிறாள். அவனும் அவளைப் பார்த்திருக்கிறான். பார்த்தவன் நிறுத்தவில்லை.

சம்பளத்திலிருந்து பிடிக்கச் சொல்லி நான் போட்டிருந்த மனு ஆயுத பூசை முடிந்த அடுத்த வாரம் விசாரணைக்கு வந்தது. சுமதி என்னைக் கேட்காமலே பள்ளிக்கு லீவு போடச் சொல்லி மகளையும் அழைத்து வந்துவிட்டாள்.

"சாட்சி சொல்லட்டும்கா. கண்ணால பாத்தவ அவதானே" என்றாள்.

"உள்ள போயி பாக்கலாம். முதல்ல நீ தண்ணி குடி" என்று சொல்லி வைத்தேன்.

நான் போன நேரம் வழக்கு எடுக்கத் தாமதமானது. சுமதி கழிவறைக்குப் போயிருந்தாள். பிள்ளையோடு தாழ்வார பெஞ்சில் உட்கார்ந்தேன். அங்கிருந்து பார்த்தால் கார் நிறுத்துமிடம் தெரியும். ஒரு பெரிய பிக்அப் வண்டியின் முன்பக்கம் முழுக்கச் சந்தனமும் குங்குமமும் காய்ந்துபோய் ஒட்டிக்கொண்டிருந்தன.

"அது பெரியப்பா வண்டி ஆன்டி" என்றாள் தர்ஷினி.

"பூசை பலமாத்தான் போட்டுருக்காரு."

"யார்ட்ல எல்லா லோரிக்கும் போடுவாங்க. முந்தியெல்லாம் அப்பா என்னைக் கூட்டிட்டுப் போவாரு."

"நீயும் பொட்டு வைப்பியா?"

"அப்பா விட மாட்டாரு. யாரு ஓட்டுறாங்களோ அவங்கதான் பொட்டு வைக்கணும். அவங்கதான் பூசணிக்கா ஒடைக்கணும். வேற ஆளு ஒடைச்சா லோரி கோவிச்சுக்கும், ஒரு வருஷத்துக்கு அவங்க பேச்ச கேக்காது."

இதைச் சொல்லும்போது அந்தப் பிள்ளை சிரிக்கவில்லை. நானும் சிரிக்கவில்லை. என் அப்பா பஸ் ஓட்டியவர். அந்த ஒரு நாளில் அவருடைய பூசணிக்காயை வேறு யாராவது தொட்டால் வீட்டில் யாருக்கும் சோறு இறங்காது. பேச்சோடு பேச்சாகக் கேட்டுக்கொண்டேனே தவிர, அதில் வேறு ஒன்றும் எனக்கு அப்போது தோன்றவில்லை. பெயர் கூப்பிட்டார்கள். பிள்ளையை என் உதவியாளரிடம் விட்டுவிட்டு உள்ளே போனோம்.

மாஜிஸ்திரேட் இளவயது மலாய்ப் பெண். பொறுமைசாலிதான், ஆனால் ஒரே வழக்கைப் பலமுறை தள்ளிவைத்துச் சலித்துப் போயிருந்தார். சுமதி கூண்டில் ஏறி நீல லோரியைப் பற்றிச் சொன்னாள். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். ஓட்டியவரின் முகத்தை நீங்கள் பார்த்தீர்களா? சுமதி பொய் சொல்லத் தெரியாதவள். இல்லை என்றாள்.

மாஜிஸ்திரேட் என்னைப் பார்த்தார். லோரியின் பின்பக்கத்தை வைத்துக்கொண்டு ஒருவருக்கு வேலை இருக்கிறது என்று சொல்ல முடியாது, வேறு சாட்சி உண்டா, இல்லையென்றால் முதலாளியை விசாரித்துவிட்டு மனுவை இன்றே முடித்துவிடுவேன் என்றார். முடித்துவிடுவேன் என்றால் தள்ளுபடி. எங்கள் இருவருக்கும் அது விளங்கியது.

கூண்டிலிருந்து இறங்கி வந்த சுமதி என் கோட்டைப் பிடித்து இழுத்தாள். "அக்கா, பாப்பாவ கூப்புடுங்க."

இந்த இடத்தில்தான் நீங்கள் கொஞ்சம் நிற்க வேண்டும். தர்ஷினியைக் கூப்பிட்டிருந்தால் அநேகமாக ஜெயித்திருப்போம். அந்தப் பிள்ளை தெளிவாகப் பேசும். பிரேஸோடு தாங்கித் தாங்கி நடந்து வந்து, அப்பாதான் ஓட்டினார் என்று சொன்னால் எந்த மாஜிஸ்திரேட்டுக்கும் மனசு இளகும். ஆனால் அதைச் சொல்வதற்கு அவள் இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். நான் கை ஆட்டினேன், அப்பா என்னைப் பார்த்தார், நிறுத்தாமல் போய்விட்டார் என்று அத்தனை பேருக்கு முன்னால், அந்த அப்பாவுக்கும் முன்னால் சொல்ல வேண்டும். எதிர்த்தரப்பு விடுமா? பொய் சொல்கிறாய், அம்மா சொல்லிக் கொடுத்தாளா என்று துருவும். பிரேஸை இரண்டு வருடத்துக்கு ஒரு முறை மாற்றலாம். வாயால் சொன்ன இந்த வார்த்தையை எங்கே போய் மாற்றுவது?

"வேறு சாட்சி இல்லை, புவான்" என்று மாஜிஸ்திரேட்டிடம் சொன்னேன்.

சுமதி கையை எடுத்துவிட்டாள். "நீங்க யாரு பக்கம்கா?" என்று மெதுவாகக் கேட்டாள். எனக்குச் சுருக்கென்று இருந்தது. கோபம்கூட வந்தது, அவள் மேல் இல்லை. முன் வரிசையில் சட்டை கசங்காமல் உட்கார்ந்துகொண்டு கைப்பேசியைத் தடவிக்கொண்டிருந்தானே குணா, அவன் மேல்.

எதிர்த்தரப்பு அண்ணனைச் சாட்சியாக அழைத்தது. நெற்றி நிறைய விபூதி, நடுவில் குங்குமம், மணிக்கட்டில் புது மஞ்சள் கயிறு. பேசுவதற்கு முன்பே பாதி கோயிலைக் கூண்டுக்குள் கொண்டுவந்துவிட்டார். தம்பி தன்னிடம் வேலை செய்யவில்லை என்று தமிழில் சொன்னார், மொழிபெயர்ப்பாளர் மலாயில் சொன்னார். சம்பளம் பற்றிக் கேட்டால் இந்த மனிதர் இல்லை என்பார். வேலை பற்றிக் கேட்டாலும் இல்லை என்பார். இரண்டுக்கும் பதிலை ஊறவைத்துக்கொண்டு வந்திருக்கிறார். நான் எழுந்து நின்றேன். என் கையில் ஒன்றுமே இல்லை. அந்த மஞ்சள் கயிற்றைப் பார்த்தேன். பெஞ்சில் பிள்ளை சொன்னது அப்போதுதான் மண்டையில் ஏறியது.

"ஆயுத பூசை நல்லா நடந்துச்சுங்களா?" என்று கேட்டேன்.

எதிர்த்தரப்பு உடனே எழுந்து, இதற்கும் வழக்குக்கும் என்ன சம்பந்தம் என்றார். சில கேள்விகளில் காட்டுகிறேன் என்றேன். மாஜிஸ்திரேட் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, சில என்றால் சிலதான் என்று எச்சரித்தார்.

அண்ணனுக்கு முகமெல்லாம் மலர்ந்துவிட்டது. எல்லா லோரியையும் கழுவி, வாழைமரம் கட்டி, மாலை போட்டு, கிள்ளானிலேயே தன் யார்டு பூசைக்கு ஈடு கிடையாது என்று ஆரம்பித்தார். மொழிபெயர்ப்பாளருக்கு மூச்சு வாங்கியது.

"பூசணிக்கா யாரு ஒடைப்பாங்க?"

"அந்தந்த லோரிக்கு அந்தந்த டிரைவர் மேடம். அது எங்க அப்பா காலத்துலேர்ந்து கட்டுப்பாடு. ஓட்றவன்தான் ஒடைக்கணும். மாத்தி ஒடைச்சா அந்த லோரிய எடுக்க எவனும் வரமாட்டான்."

மாஜிஸ்திரேட் குறுக்கே கேட்டார். "லாபுவா? சமைக்கிற லாபுவா?" ஆமாம் புவான், அதே பூசணிதான் என்றேன். அவர் எழுதிக்கொண்டார். அவர் எழுதி முடிக்கும்வரை நான் காத்திருந்தேன். இதைக் கவனியுங்கள், நீதிபதியின் பேனா நிற்கும் முன்னே அடுத்த கேள்விக்கு ஓடாதீர்கள்.

"பந்திங் பக்கம் போற நீல லோரிக்கு யாரு ஒடைச்சாங்க?"

அண்ணனின் விரல் மஞ்சள் கயிற்றைத் தடவியது. அதுவரை பூசைப் பந்தலில் நின்றுகொண்டிருந்தவர் திடீரென்று கூண்டுக்குள் வந்துவிட்டார். யாரும் உடைக்கவில்லை என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. சொன்னால் லோரிக்குக் கேடு. தம்பி என்றால் வழக்கே போச்சு.

"ரவி" என்றார் கடைசியில். "புதுசா வந்த பையன். அவன்தான் ஓட்றான். அவன்தான் ஒடைச்சான்."

பின்னால் நாற்காலி நகரும் சத்தம் கேட்டது. குணா எழுந்து நின்றிருந்தான். அவன் வழக்கறிஞர் அவன் சட்டையைப் பிடித்து இழுத்தார். அவன் அதைத் தட்டிவிட்டான்.

"அண்ணே, வாய்க்கு வந்தத சொல்லாதண்ணே. எம் பூசணிக்காய ரவி எங்க வந்து ஒடைச்சான்? நான்தான் ஒடைச்சேன். கோர்ட்ல நின்னு இப்படி மாத்திச் சொல்ற, நாளைக்கு அந்த லோரியில நான்லா ஏறணும்."

தமிழ் தெரிந்தவர்கள் அந்த அறையில் ஐந்தாறு பேர் இருந்தோம். அத்தனை பேரும் குணாவைத் திரும்பிப் பார்த்தோம். "என்ன சொன்னார்?" என்று மாஜிஸ்திரேட் மொழிபெயர்ப்பாளரைக் கேட்டார். அவர் நல்ல மனிதர், முகத்தில் ஒரு அசைவும் காட்டாமல் ஒரு சொல் விடாமல் மலாயில் சொன்னார். நாளைக்கு என்ற சொல்லை மாஜிஸ்திரேட் திரும்ப ஒரு முறை கேட்டு எழுதிக்கொண்டார். அப்போதுதான் தான் என்ன சொன்னோம் என்று குணாவுக்கே உறைத்தது. உட்காருவதா நிற்பதா என்று தெரியாமல் பாதி குனிந்தபடி நின்றான்.

பதில் தெரியாத கேள்வியைக் கேட்காதே என்று உங்களுக்கும் சொல்லிக் கொடுத்திருப்பார்கள். நான் அப்படிக் கேட்கவில்லை. அண்ணன் எதை வேண்டுமானாலும் சொல்லட்டும், அந்த லோரியை வேறொருவன் பெயரில் விட்டுக்கொடுக்க ஓட்டுபவனுக்கு மனசு வராது என்று எனக்குத் தெரியும். அப்படிப்பட்ட ஒருவர் வீட்டில் வளர்ந்தவள் நான். மறைப்பதை மட்டுமே தோண்டிக்கொண்டிருக்காதீர்கள், அதை ஏற்கெனவே ஆழமாகப் புதைத்துவிட்டு வந்திருப்பார்கள். எதில் அவர்களுக்குப் பெருமை என்று பாருங்கள், அது மேலேயே கிடக்கும்.

பிறகு நடந்தது சுருக்கமானது. குணாவைக் கூண்டில் ஏற்றிச் சத்தியம் வாங்கினார்கள், வேலை செய்வதை ஒப்புக்கொண்டான். பொய் சாட்சி சொன்னால் என்ன ஆகும் என்று மாஜிஸ்திரேட் அண்ணனுக்கு மெதுவான குரலில் விளக்கினார். அண்ணனின் விபூதி வியர்வையில் கரைந்தது. சம்பளத்திலிருந்து பிடித்து நேராக நீதிமன்றத்தில் கட்டும்படி அவருக்கு உத்தரவானது. நான் அத்தோடு உட்காரவில்லை. குறித்த இடைவெளியில் இந்த வழக்கைத் திரும்பக் கூப்பிட வேண்டும், ஒவ்வொரு முறையும் முதலாளியும் தம்பியும் நேரில் வந்து நிற்க வேண்டும் என்று கேட்டு வாங்கினேன். நீங்கள் படம் எடுக்க வேண்டிய உத்தரவு அதுதான்.

வெளியே தாழ்வாரத்தில் தர்ஷினி பெஞ்சில் உட்கார்ந்து பிரேஸைக் கழற்றிக் காலுக்குக் காற்று விட்டுக்கொண்டிருந்தாள். கணுக்காலில் சிவந்த புண். குணா கதவைத் திறந்துகொண்டு வந்தவன் அதைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டான். சுமதி அவனை நோக்கிப் போனாள். நான் தடுக்கவில்லை. அவள் குரலை உயர்த்தவும் இல்லை.

"லோரி டயர் ஒவ்வொன்னுக்கும் எலுமிச்சம்பழம் வச்சு ஏத்தியிருப்ப. ஒம் மவ காலுக்கு என்னா வச்ச?"

அவன் பிள்ளைக்கு முன்னால் குந்தி உட்கார்ந்து, புண்ணைத் தொடப் போய், தொடாமல் கையை இழுத்துக்கொண்டான். பிறகு எழுந்து போய்விட்டான். அன்றே அவன் திருந்திவிட்டான் என்று நினைக்காதீர்கள். நானும் நினைக்கவில்லை. எனக்கு நம்பிக்கை சம்பளப் பிடித்தத்தின் மேலும், அடுத்த தேதியின் மேலும்தான்.

நம்பிக்கை வீண்போகவில்லை. முதல் முறை கூப்பிட்டபோது அண்ணன் வரவில்லை, உடம்பு சரியில்லை என்று ஆள் அனுப்பினார். மாஜிஸ்திரேட் அடுத்த நாளே வரச் சொன்னார், வந்தார். அதற்குப் பிறகு ஒரு முறைகூட அவருக்கு உடம்பு கெடவில்லை. தர்ஷினிக்குப் புதுப் பிரேஸ் வந்தது. பாதம் மடங்கவில்லை, கத்தியும் தேவைப்படவில்லை.

அடுத்த வருடம் ஆயுத பூசை முடிந்த கையோடு ஒரு தேதி வந்தது. பள்ளி விடுமுறை, சுமதியோடு தர்ஷினியும் வந்திருந்தாள். தாழ்வாரத்தின் மறுகோடியில் குணா அண்ணனோடு உட்கார்ந்திருந்தான். பிள்ளை என்னைப் பார்த்துவிட்டு ஓட்டமும் நடையுமாக வந்தாள். போன வருடம் அவளால் அப்படி நடந்திருக்க முடியாது. அருகில் வந்தபோதுதான் கவனித்தேன், பிரேஸின் முன்பக்கத்தில் சந்தனமும் நடுவில் ஒரு குங்குமப் பொட்டும் காய்ந்திருந்தன.

"பிரேஸுக்கும் பூசை போட்டாச்சா? அம்மா வச்சாங்களா பொட்டு?"

"அம்மா வைக்க வந்தாங்க ஆன்டி, நான் விடல" என்றாள். அந்தத் தாழ்வாரத்தில் சாதாரணமாகப் பேசினாலே மறுகோடிவரை கேட்கும். "யாரு ஓட்டுறாங்களோ அவங்கதானே வைக்கணும்."

குணா தலையைக் குனிந்துகொண்டான். உள்ளே எங்கள் பெயரைக் கூப்பிட்டார்கள். அந்த முறை அண்ணன் எழுவதற்கு முன்பே அவன் எழுந்து முதல் ஆளாகக் கதவருகே போய் நின்றான்.